பி. ரம்லி யார் வீட்டுச் சரக்கு?

கேள்வி: மலாய்ப் பட நடிகர், இயக்குநர் பி. ரம்லியை மேதை என்கிறார்கள். ஆரம்பத்தில் அவரை வைத்துப் படம் எடுத்தவர்கள் இந்தியர்கள். பாட்டு, அழுகை, மாமியார் கொடுமை எல்லாம் நம் பழைய படங்களின் சரக்கு. இதில் அவருடைய மேதைமை எங்கே இருக்கிறது?
– வாசகர், பட்டர்வொர்த்

பதில்: முதல் பாதி சரி. 1948இல் 'சிந்தா'வில் அவரை நடிக்க வைத்த பி. எஸ். ராஜ்ஹன்ஸ் இந்தியர்தான். 1950இல் 'பக்தி'யில் அவரைக் கதாநாயகனாக்கிய எல். கிருஷ்ணன் மெட்ராஸில் பிறந்து பினாங்கில் வளர்ந்தவர். 1957 ஆசியத் திரைப்பட விழாவில் அவருக்குச் சிறந்த நடிகர் விருது வாங்கித் தந்த 'அனாக்கு சசாலி'யை இயக்கிய ஃபணி மஜும்தார் வங்காளி. (அவரையும் 'நம்மவர்' கணக்கில் சேர்த்துவிட்டீர்கள், பரவாயில்லை.)

சரி, 1955க்கு வாருங்கள். 'பெனாரெக் பெச்சா'தான் ரம்லி இயக்கிய முதல் படம். கதாநாயகனும் அவரே, இசையும் அவரே. பெச்சா (மூன்று சக்கர மிதிவண்டி ரிக்‌ஷா) மிதித்துப் பிழைக்கும் ஏழையை அவர் காட்டிய விதம் இருக்கிறதே, அது கப்பலில் வந்து இறங்கிய சரக்கில்லை. பினாங்கில் பிறந்து வளர்ந்தவனுக்கு அந்தத் தெரு தெரியும்.

மாமியார் கொடுமை என்றீர்கள். 1962இல் வந்த 'இபு மெர்துவாக்கு'வைத்தான் சொல்கிறீர்கள் என நினைக்கிறேன். கடைசிவரை பார்த்தீர்களா? மனைவி இறந்துவிட்டாள் என்று மாமியார் சொன்ன பொய்யை நம்பி அழுது அழுதே கண்ணை இழக்கிறான் ஒரு சாக்ஸபோன் கலைஞன். பினாங்கில் அவனுக்குப் பார்வையை மீட்டுக் கொடுக்கும் டாக்டர்தான் இப்போது அவள் கணவர். உண்மை தெரிந்ததும் முள்கரண்டியால் தன் கண்களைத் தானே குத்திக்கொள்கிறான். நம் பழைய படமாக இருந்தால் கடைசி ரீலில் மாமியார் திருந்தி, எல்லாரும் வரிசையாக நின்று சிரித்திருப்பார்கள். இத்தனைக்கும், 'புஜாங் லாப்போக்' எடுத்து ஊரையே சிரிக்க வைத்த அதே ஆள்தான் இதையும் எடுத்தார். 1963இல் ஆசியத் திரைப்பட விழாவில் பன்முகத் திறமைக்கென்றே அவருக்கு ஒரு சிறப்பு விருது கொடுத்தார்கள்.

நீங்கள் கேட்டிருக்க வேண்டிய கேள்வி வேறு. 1964இல் சிங்கப்பூரை விட்டுக் கோலாலம்பூருக்கு வந்து, ஹுலு கிளாங் மெர்டேக்கா ஸ்டூடியோவில் சேர்ந்தார். வசதி குறைவு, பழைய கூட்டணியும் கூட இல்லை. ரசிகர்களின் ருசியும் மாறிப்போயிருந்தது. 1972இல் வந்த கடைசிப் படமும் கறுப்பு வெள்ளைதான். மறு வருடம் மே 29, மாரடைப்பு. வயது 44. 'தான்ஸ்ரீ' என்ற மலேசிய அரசின் உயர் பட்டம் வந்தது 1990இல். இப்போது பெருநாள் வந்தால் டிவியில் அவர் படம் ஓடுகிறது. அந்தக் கடைசி வருடங்களில் அவரை யார் கண்டுகொண்டார்கள் என்று கேட்டிருந்தால் நானும் உங்களோடு சேர்ந்து சண்டை போட்டிருப்பேன்.

இந்தியர்களின் பங்கு மறைந்துபோகிறதே என்ற வருத்தம் எனக்கும் உண்டு. அதற்கு ரம்லியைக் குறைத்துப் பேசி என்ன பயன், ஐயா? கிருஷ்ணன் உங்கள் பக்கத்து ஆள். பெர்ரி ஏறினால் அவர் வளர்ந்த ஊர். அவரைப் பற்றி நான்கு பக்கம் எழுதி அனுப்புங்கள், அடுத்த இதழில் இடம் ஒதுக்குகிறேன்.