சாய்கோட்டைப் பிடித்தது யார்?

கேள்வி: சென்னையில் மென்பொருள் பொறியாளராக இருக்கிறேன். இரவில் என்ஜின்எக்ஸ் வெப் சர்வர் பற்றித் தமிழில் புத்தகம் எழுதுகிறேன். பன்னிரண்டில் ஒன்பது அத்தியாயம் முடிந்தது. இரண்டு மாதமாக மனைவி முகம் கொடுத்துப் பேசுவதில்லை. குழந்தை பிறந்ததும் சர்வர் வேலையை விட்டவள். பொழுது போகட்டுமே என்று கட்டளைகளை ஓட்டிப் பார்க்க அவளிடம்தான் கொடுக்கிறேன். ப்ராக்ஸி பாஸில் (வந்த கோரிக்கையை வேறொரு சர்வருக்குக் கைமாற்றும் வரி) ஒரு சாய்கோடு (/) தப்பாக இருந்ததைக்கூடப் பிடித்தாள். எழுத்தின் அருமையை அவளுக்கு எப்படிப் புரியவைப்பது?

பதில்: ‘பொழுது போகட்டுமே’ என்று போகிற போக்கில் எழுதிவிட்டீர்கள். கைக்குழந்தை இருக்கும் வீட்டில் அவருக்குப் பொழுது போகவில்லை என்று உங்களிடம் யார் சொன்னது?

அந்தச் சாய்கோட்டையே எடுத்துக்கொள்வோம். ப்ராக்ஸி பாஸ் முகவரியின் கடைசியில் அது இருந்தால், லொக்கேஷனில் (எந்தப் பாதைக்கு இந்த விதி என்று சொல்லும் இடம்) கொடுத்த முன்பகுதி கழன்று மிச்சப் பாதை மட்டும் பின்னால் உள்ள சர்வருக்குப் போகும். இல்லாவிட்டால் முழுப் பாதையும் போகும். எழுதும் முறையில் இரண்டுமே சரி என்பதால், கான்ஃபிக் (அமைப்புக் கோப்பு) சோதனை இரண்டையும் ஓகே என்றே சொல்லும். ஆக, வெறுமே தட்டிப் பார்த்தால் இது அகப்படாது. ரீலோட் செய்து, கர்ல் என்ற கட்டளையில் கோரிக்கை அனுப்பி, 404 (பக்கம் இல்லை என்ற பிழை) வந்ததும் பின் சர்வரின் லாக்கை (பதிவேட்டை) திறந்து, என்ன பாதை வந்து விழுந்தது என்று பார்க்க வேண்டும். பதிவேற்ற வரம்பும் இப்படித்தான். சொல்லாமல் விட்டால் 1 எம்பிதான். 2 எம்பி கோப்பை அனுப்பி 413 (கோப்பு வரம்பை மீறியது என்ற பிழை) வாங்கினால்தான் அத்தியாயத்தில் விட்டுப்போனது தெரியும். தொழில்நுட்பப் பதிப்பகங்கள் ஆள் வைத்து, பெயர் போட்டுச் செய்விக்கும் வேலை இது. வீட்டு மனுஷி செய்தால் பொழுதுபோக்கா?

குடும்பத்துக்குள் கணக்கு எதற்கு என்பீர்கள். அப்படிச் சொல்லும் உரிமை கொடுக்கிறவருக்கு உண்டு, வாங்குகிறவருக்குக் கிடையாது.

முதலில் அவரைக் கேளுங்கள். இந்த வேலையே வேண்டாம் என்றால் அன்றோடு விடுங்கள்; திரும்ப வேலைக்குப் போக விரும்பினால் குழந்தைக்கு என்ன ஏற்பாடு என்பதை நீங்களும் சேர்ந்து யோசியுங்கள். சம்மதித்தால், அட்டை அச்சுக்குப் போகும் முன் பதிப்பாளருக்கு எழுதுங்கள். பிழை மட்டும் பார்த்திருந்தால் ‘தொழில்நுட்பச் சரிபார்ப்பு’ என்று உள்பக்கத்தில் அவர் பெயர் வரட்டும். எடுத்துக்காட்டுகளை அவரே மாற்றி எழுதியிருந்தால் அட்டையிலேயே இணையாசிரியர்; 1957ஆம் ஆண்டுப் பதிப்புரிமைச் சட்டம் கூட்டுப் படைப்பை ஏற்கிறது. ராயல்டிப் பங்கை ஒப்பந்தத்தில் எழுதி, பணம் அவருடைய வங்கிக் கணக்குக்கே போகச் செய்யுங்கள். முன்னுரையில் ‘என் துணைவிக்கு நன்றி’ என்று ஒரு வரி போட்டுத் தப்பிக்கப் பார்க்காதீர்கள்.

மிச்சம் மூன்று அத்தியாயத்துக்கும் குழந்தையை நீங்கள் தூங்கவைத்துவிட்டு, கட்டளைகளையும் நீங்களே ஓட்டிப் பாருங்கள். ஒவ்வொரு முறையும் புதிதாக ஒரு வர்ச்சுவல் மெஷின் (கணினிக்குள் மென்பொருளால் உருவாகும் தனிக் கணினி) ஏற்றிக்கொள்ளுங்கள். உங்கள் லேப்டாப்பில் நேரடியாக ஓட்ட வேண்டாம். ஏற்கெனவே அதில் நிறுவிக் கிடப்பவை, புத்தகத்தில் விட்டுப்போன படிகளை மறைத்துவிடும்.