சந்தாவில் வாங்கினால் லாபமா?

கேள்வி: நாய்க்கான உலர் உணவு மூட்டையைப் பல ஆண்டுகளாக ஒரே கடையில் வாங்குகிறேன். இணையத்தில் மாதச் சந்தா எடுத்தால் அதே மூட்டை மலிவாகக் கிடைக்கிறது. கடைக்காரர் கொள்ளை லாபம் வைக்கிறாரா? சந்தாவுக்கு மாறிவிடலாமா?

பதில்: கடைக்காரர் மீது பழி போடாதீர்கள். உணவு மூட்டையில் அவருக்குக் கிடைப்பது சொற்பம். கழுத்துப்பட்டை, பொம்மை, பிஸ்கட், குளிப்பாட்டி முடிவெட்டும் சேவை ஆகியவற்றில்தான் காசு. மூட்டை தீரும்போதெல்லாம் நீங்கள் கடைக்கு வந்தாக வேண்டும். வந்தவர் வெறும் மூட்டையோடு திரும்புவதில்லை என்பது அவருக்குத் தெரியும்.

இணையக் கடைக்கும் இதே கணக்குதான். கூடவே கனமான சரக்கை வீடு வரை சுமக்கும் செலவு வேறு. பெட்ஸ்.காம் என்ற அமெரிக்க நிறுவனம் 2000 பிப்ரவரியில் பங்குச் சந்தைக்கு வந்து, அதே ஆண்டு நவம்பரில் கடையை மூடியது. அடக்க விலைக்கும் குறைவாக விற்று, அனுப்பும் செலவையும் தானே ஏற்றால் வேறென்ன நடக்கும்? 2011-இல் தொடங்கிய சூயி என்ற அமெரிக்க இணையக் கடையும் அதே சரக்கைத்தான் விற்கிறது. ஆனால் அதன் விற்பனையில் 70 சதவீதத்துக்கும் மேல் தானாக வந்து சேரும் சந்தா வழியே நடக்கிறது. 2017-இல் பெட்ஸ்மார்ட் என்ற செல்லப்பிராணிக் கடைத்தொடர் அதை 335 கோடி டாலருக்கு வாங்கியபோது, வாடிக்கையாளரின் அந்தப் பழக்கத்துக்கும் சேர்த்துத்தான் விலை கொடுத்தது.

ஆகவே, சந்தாத் தள்ளுபடி என்பது நீங்கள் இனி விலையை ஒப்பிட்டுப் பார்க்காமல் இருப்பதற்குக் கொடுக்கப்படும் கூலி. பெரிய தள்ளுபடி பெரும்பாலும் முதல் தவணைக்கு மட்டும்தான். மூன்றாவது ரசீதை எடுத்துக் கிலோ கணக்கில் வகுத்துப் பாருங்கள். மூட்டையின் எடை சத்தமில்லாமல் குறைந்திருக்கவும் கூடும். அதற்குப் பிறகும் மலிவாக இருந்தால் தாராளமாக மாறுங்கள்.

கேள்வி: பூனைக்கு வாங்கும் 'பிரீமியம்' டப்பா உணவில் புரதம் 8 சதவீதம் என்று போட்டிருக்கிறது. சாதாரண உலர் உணவில் 30 சதவீதம். விலையோ தலைகீழ். ஏமாற்று வேலையா?

பதில்: புரத விஷயத்தில் ஏமாற்று இல்லை. 100 கிராம் டப்பா உணவில் ஏறக்குறைய 80 கிராம் தண்ணீர். தண்ணீரை நீக்கினால் மிஞ்சும் 20 கிராமில் 8 கிராம் புரதம் என்றால் 40 சதவீதம். உலர் உணவில் ஈரம் 10 சதவீதம். 90 கிராமில் 30 என்றால் 33தான். டப்பாவே முந்துகிறது.

விலைக் கணக்கு வேறு. 100 கிராம் உலர் உணவில் சுமார் 350 முதல் 400 கலோரி. டப்பாவில் பெரும்பாலும் 100-க்குள். ஒரு மடங்கு உலர் உணவுக்கு ஈடாக நான்கு மடங்கு டப்பா உணவு வேண்டும். கிராமுக்கு எவ்வளவு என்று பார்க்காமல், 100 கலோரிக்கு எவ்வளவு என்று பாருங்கள். தண்ணீர் குடிக்க மறுக்கும் பூனைக்கு டப்பா கொடுப்பதில் நியாயம் உண்டு, அது தனி விஷயம்.

'பிரீமியம்' என்ற சொல்லை நான் பொருட்படுத்துவதே இல்லை. இவ்வளவு பெரிய சந்தையான அமெரிக்காவிலேயே அதற்குச் சட்ட வரையறை கிடையாது. அலமாரியில் போட்டி போடுவதுபோல் நிற்கும் பெடிகிரி, விஸ்காஸ், ராயல் கேனின் மூன்றுமே மார்ஸ் நிறுவனத்தின் சொத்து. ஹில்ஸ் என்ற இன்னொரு பிராண்ட் யாருடையது தெரியுமா? பற்பசை விற்கும் கோல்கேட்-பாமோலிவுடையது. மலிவு விலைக்காரரும் உயர்விலைக்காரரும் ஒரே முதலாளியாக இருக்கும்போது, விலை வித்தியாசம் முழுவதும் தரத்தின் வித்தியாசம் என்று எடுத்துக்கொள்ள முடியாது.

லேபிளில் நான் முதலில் தேடுவது 'முழுமையான, சமச்சீர் உணவு' என்ற வாசகத்தையும், அது குட்டிக்கா வளர்ந்ததற்கா என்பதையும்தான். 'துணை உணவு' என்றிருந்தால் அதை மட்டுமே தினமும் போடக் கூடாது, எவ்வளவு விலை கொடுத்து வாங்கியிருந்தாலும். பிராண்டை மாற்றுவதாக இருந்தால் பழையதோடு கலந்து, ஒரு வாரத்தில் படிப்படியாக மாற்றுங்கள். திடீரென மாற்றினால் வயிற்றுப்போக்கு வந்து, மிச்சம் பிடித்ததை மருத்துவரிடம் கொடுக்க நேரும்.