1943-ல் நாகப்பட்டினத்தில் எதிரெதிர் அணி ஒற்றர்கள் காதலிப்பதாக நாவல் எழுதுகிறேன். நம்பும்படி இருக்க எதையெல்லாம் கவனிக்க வேண்டும்?

முதலில் காரைக்காலைச் சரிசெய்யுங்கள். பிரெஞ்சு ஊர்தானே, ஒற்றன் எல்லையிலுள்ள வாஞ்சூரைத் தாண்டிவிட்டால் தப்பித்தான் என்று பலர் கதை கட்டுகிறார்கள். நடக்காது. 1940 செப்டம்பரிலேயே புதுச்சேரியின் பிரெஞ்சு கவர்னர் போன்வின், ஜெர்மனியை எதிர்த்து நின்ற பிரெஞ்சுத் தலைவர் டிகால் பக்கம் சேர்ந்துவிட்டார். காரைக்காலும் நேச நாட்டு மண்தான்.

நாயகன் ஜப்பான் பக்கம் என்றால் பினாங்கில் பயிற்சி பெற்றவனாக இருக்கட்டும். 1942 செப்டம்பரில் அப்படிப்பட்டவர்களை நீர்மூழ்கியில் கொண்டுவந்து மலபாரின் தானூர் கரையில் இறக்கினார்கள், சீக்கிரமே பிடிபட்டார்கள். வக்கம் காதர் உட்பட நால்வருக்கு 1943 செப்டம்பர் 10 அன்று சென்னைச் சிறையில் தூக்கு. நம் கரையில் இறக்குவதானால் கோடியக்கரைக்குத் தெற்கே வேண்டாம். பாக் நீரிணையில் நீர்மூழ்கி மூழ்க ஆழம் போதாது. நாகூருக்கு வடக்கே இறக்குங்கள், ஐப்பசி கார்த்திகையில் மட்டும் வேண்டாம். அந்த அலையில் ரப்பர் படகு கவிழ்ந்துவிடும். 'மலேயாவிலிருந்து வந்தவன்' என்ற வேஷம் இந்த ஊரில் எடுபடும். ஆனால் 1942 பிப்ரவரியில் சிங்கப்பூர் விழுவதற்கு முன்பே கப்பலேறியதாகச் சொல்ல வேண்டும். பிறகு வந்தேன் என்றால் அடுத்த கேள்வி 'எப்படி?' என்பதுதான்.

வயர்லெஸ் செட்டைச் சட்டைப்பைக்குள் வைத்து எழுதாதீர்கள். பிரிட்டிஷ் ஏஜெண்டுகளின் 'பி2' பெட்டியே சுமார் 15 கிலோ. கிராமத்தில் மின்சாரம் இல்லாததால் 6 வோல்ட் கார் பேட்டரி வேண்டும். அதை சார்ஜ் செய்ய டவுன் மோட்டார் ஒர்க்‌ஷாப்புக்குத்தான் போகணும். கார் இல்லாத ஆள் அடிக்கடி பேட்டரி தூக்கி வந்தால் போலீசுக்கு அதைவிட நல்ல துப்பு கிடையாது. ஏரியல் கம்பியை இரண்டு தென்னைக்கு நடுவே கட்டலாம், ஆனால் இன்சுலேட்டர் வைத்து. ஈர மட்டையில் கம்பி பட்டால் சக்தி கசிந்து சிக்னல் பலவீனமாகிவிடும்.

சங்கேதத்துக்கு பிரிட்டிஷ் ரகசிய அமைப்பான எஸ்ஓஇ-யின் ஏஜெண்டுகள் பயன்படுத்திய இரட்டை இடமாற்று முறையை வைக்கலாம். மனப்பாடமான பாட்டிலிருந்து சில சொற்களை எடுத்து, அவற்றின் ஆங்கில எழுத்துகளுக்கு அகரவரிசைப்படி எண் போடுவார்கள். 'காவேரி'யை கே, ஏ, வி, இ, ஆர், ஐ என்று எழுதினால் எண்கள் 4, 1, 6, 2, 5, 3. செய்தியை அதன் கீழ் வரிவரியாக எழுதி, எண் வரிசைப்படி பத்தி பத்தியாக எடுக்க வேண்டும். இந்தச் சொல்தான் சாவி. வந்ததை இன்னொரு சாவியின் கீழ் எழுதி மறுபடி எடுத்து, ஐந்தைந்து எழுத்தாகப் பிரித்து அனுப்புவார்கள். நடைமுறையில் சாவி இதைவிட நீளம். தப்பு நடப்பது எழுத்துக்கூட்டலில்தான். அந்தக் காலத்து ஆங்கிலக் காகிதங்களில் காவேரிக்கு சி-யில் தொடங்கும் ஏழு எழுத்து. அனுப்பியவன் ஆறு பத்தி, படிப்பவன் ஏழு பத்தி, செய்தி மொத்தமும் குப்பை. குறள் வைத்தால் ழகரம் ஒன்றே போதும், ஆளுக்கொரு மாதிரி எழுதுவார்கள். தவிர, பிரபலமான பாட்டை எதிரியும் ஊகிப்பான்.

நாயகியை பிரிட்டிஷ் இந்திய ராணுவத்தில் 1942-ல் தொடங்கிய பெண்கள் துணைப்படையில், மோர்ஸ் கேட்டு எழுதும் வேலையில் வைக்கலாம். விசை தட்டுவதில் ஒவ்வொருவருக்கும் ஒரு 'கை' உண்டு. எங்கே தயங்குவான், எந்தப் புள்ளியை இழுப்பான் என்பதைத் தினமும் கேட்பவள் ஊர் மாறினாலும் ஆளைக் கண்டுபிடித்துவிடுவாள். பார்க்காமலே பழக்கமாவதற்கு இதைவிடப் பொருத்தமான வழி எனக்குத் தோன்றவில்லை.

காதலின் திருப்பத்தைப் 'பாதுகாப்புக் குறி'யில் வையுங்கள். சுதந்திரமாக இருக்கும்வரை ஏஜெண்ட் பேசிவைத்த இடத்தில் வேண்டுமென்றே ஒரு பிழை விடுவான். பிடிபட்டு எதிரி சொல்லி அனுப்பினால் அந்தப் பிழை இருக்காது. அவன் பிரிட்டிஷாரிடம் பிடிபட்டபின், கேட்டுக் கேட்டுத் தனக்குத் தெரிந்துபோன அந்தக் குறியை அவள் தன் மேலதிகாரிக்குச் சொல்கிறாளா, மறைக்கிறாளா? 1942-ல் ஹாலந்தில் ஜெர்மானியரிடம் பிடிபட்ட எஸ்ஓஇ ஏஜெண்ட் லாவர்ஸ் குறியை விட்டுவிட்டே அனுப்பினார். லண்டன் கண்டுகொள்ளவில்லை, அடுத்தடுத்து இறங்கியவர்கள் நேரே ஜெர்மானியர் கையில் விழுந்தார்கள்.

நிஜத்தில் நடந்த காதலுக்கு, பிரெஞ்சு எதிர்ப்பு இயக்க ஒற்றர் மாத்தில்ட் கார்ரேயைப் பற்றிப் படியுங்கள். 1941 நவம்பரில் பாரிசில் பிடிபட்டு, தன்னைக் கைதுசெய்த ஜெர்மானிய சார்ஜெண்ட் ப்ளைஷருக்கே காதலியாகி, தன் குழுவினரையே காட்டிக்கொடுத்தார். 1949-ல் மரண தண்டனை, பிறகு அது சிறைத் தண்டனையாகக் குறைந்து 1954-ல் விடுதலை. அவர்களுக்கிடையே ஆரம்பத்திலிருந்தே சிறைக் கதவு இருந்தது. உங்கள் ஜோடியிலும் வயர்லெஸ் செட் யார் கையில் இருக்கிறதோ அவர் பக்கமே தராசு சாயும். 1943-ன் எதிரி ஏஜெண்டுகள் அவசரச் சட்டத்தில் எதிரிக்கு உதவும் எண்ணத்தோடு செய்த காரியத்துக்கும் தூக்கு வரை போகலாம் என்பதால், மறைப்பது என்று முடிவெடுத்தால் அவள் தலைக்கும் ஆபத்து.