ஆச்சியின் எந்தப் படத்தைக் காட்ட?

அன்புள்ள ஐயா,

விடுமுறைக்கு வந்திருக்கும் பேரன், டிவியில் மனோரமாவைப் பார்த்தால் "இவங்க எப்பவும் அழுற அம்மாதானே" என்கிறான். மனசு கேட்கவில்லை. ஜில் ஜில் ரமாமணியைக் காட்டலாம் என்றால், அது வெறும் காமெடிதானே என்கிறார் வீட்டுக்காரர். எந்தப் படத்தைக் காட்ட?

ஒரு வாசகி, கானாடுகாத்தான்

அன்புள்ள ஆச்சி,

'வெறும் காமெடி' என்பதை நான் ஒத்துக்கொள்ள மாட்டேன். 'தில்லானா மோகனாம்பாள்' (1968) படத்தில் சிவாஜி, பத்மினி, பாலையா, நாகேஷ் என்று எல்லாரும் இருந்தும், ரமாமணி வந்தால் கண் அவர் மேல்தான் நிற்கிறது. நாடகக் கொட்டகையில் ஆடிப் பிழைக்கும் பெண், நாயனத்தைப் பற்றி அவ்வளவு வெள்ளந்தியாகக் கேட்கிறாள். சிரிக்கிறோம், ஆனால் இளக்காரமாக நினைக்க முடிவதில்லை. மனோரமாவும் நாடக மேடையிலிருந்து வந்தவர்தானே. அதே வருடம் 'பொம்மலாட்ட'த்தில் 'வா வாத்யாரே ஊட்டாண்ட' என்று மெட்ராஸ் பாஷையில் பாடியதும் அவர்தான்.

சரி, பேரனுக்கு 'சம்சாரம் அது மின்சாரம்' (1986) போட்டுக் காட்டுங்கள். அதில் மனோரமா, வீட்டு வேலைக்கு வரும் கண்ணம்மா. நடிகர் கிஷ்முவோடு அவள் மல்லுக்கு நிற்கும் காட்சியைத் தமிழ்நாடே "கம்முனு கெட" என்று சொல்லிச் சொல்லிச் சிரித்தது. நானும் சிரித்தேன். ஆனால் அவள் நிற்கும் நிலையைப் பாருங்கள். சம்பளத்துக்கு வந்தவள், அந்தக் குடும்பத்துக்காக வீட்டு மனுஷியைவிட உரிமையோடு பேசுகிறாள்.

மன்னார்குடியில் பிறந்த மனோரமாவை, நம் செட்டிநாட்டுப் பள்ளத்தூரில் வீட்டு வேலை செய்துதான் அவருடைய அம்மா வளர்த்தார். விருந்தாளி வந்தால் நாம் முகப்பையும் பட்டாலையையும் காட்டுவோம், பின்கட்டைக் காட்ட மாட்டோம். எங்கள் வீட்டுப் பின்கட்டில் பாத்திரம் தேய்த்த ஒரு அம்மா, என் அப்பத்தாவிடம் நியாயம் பேசும்போது முந்தானையை உதறி இடுப்பில் செருகிக்கொள்வார். கண்ணம்மாவை முதலில் பார்த்தபோது எனக்கு அவர் ஞாபகம்தான் வந்தது.

பள்ளத்தூரில் அந்தத் தாய் வேலை செய்த வீட்டம்மாக்களை 'ஆச்சி' என்றுதான் கூப்பிட்டிருப்பார். பிறகு தமிழ்நாடே அவர் மகளை அப்படிக் கூப்பிட்டது. இதை நினைத்தால் இப்போதும் எனக்குத் தொண்டை அடைக்கிறது.

தேசிய விருது கிடைத்தது 'புதிய பாதை'க்காக (1989). அதையும் பார்க்கலாம். ஆனாலும் எனக்குக் கண்ணம்மாதான்.

அப்புறம், படம் முடிந்ததும் பேரனைப் பள்ளத்தூருக்கு ஒரு நடை கூட்டிப் போய் வாருங்கள். உங்களுக்குப் பக்கம்தானே.