கிணி என்றொரு அலகு – கடிதம்

அன்புள்ள ஐயா,

பெங்களூரில் மென்பொருள் வேலை. சில ஆண்டுகளாக ஒரு மிகுபுனைவு நாவல் எழுதி வருகிறேன். கதை நடப்பது ‘ஒலிநாட்டில்’. அங்கே ஓசைதான் செல்வம். சிரிப்பு, இடி, தாலாட்டு எல்லாம் சந்தையில் விற்கும். ஓசையை அளக்க ‘கிணி’ என்று ஓர் அலகு வைத்திருக்கிறேன். அரசர் அரண்மனை மணியை ஒருமுறை அடித்தால் எழும் ஓசை ஒரு கிணி. 64 துளி ஒரு கிணி, 100 கிணி ஒரு முழக்கு. அட்டவணையும் முதல் மூன்று அத்தியாயங்களும் இணைப்பில். 64 சரியா, எல்லாவற்றையும் பத்தின் மடங்காக்கிவிடலாமா? தமிழில் இதற்கெல்லாம் வாசகர்கள் உண்டா?

எஸ்.

அன்புள்ள எஸ்.,

வாசகர்கள் உண்டா என்பதை விடுங்கள். நாவலை முடிக்காதவர் கேட்கக்கூடாத கேள்வி அது.

அட்டவணையை முழுக்கப் படித்தேன். உழைப்பு தெரிகிறது. துளி, கிணி, முழக்கு எல்லாம் காதுக்கு நன்றாகவும் இருக்கின்றன. ஆனால் அத்தனை பக்கத்தில் ஒரு ஆள்கூட ஏமாறவில்லையே! அரசர் மணி அடித்தார், அளவு பிறந்தது, மக்கள் ஏற்றுக்கொண்டார்கள். எந்த ஊரில் மக்கள் இப்படி ஏற்றுக்கொள்கிறார்கள்? அளவு என்பது சண்டையில் பிறப்பது. அடுத்த சண்டையைத் தீர்க்க முடிகிறவரைதான் அதற்கு ஆயுசு.

கொஞ்ச நாளாக அம்மாவின் காதைப் பற்றி எழுத நினைத்துக்கொண்டிருந்தேன். உங்கள் கடிதம் வந்து சேர்ந்தது.

மும்பை தாராவியில் எங்கள் சாலுக்கு, அதாவது அந்த வரிசை வீடுகள் அத்தனைக்கும், பொதுக்குழாய் ஒன்றுதான். விடியுமுன் தண்ணீர் வரும், கொஞ்ச நேரத்தில் நின்றுவிடும். வீட்டுக்கு இத்தனை குடம் என்று கணக்கு. நான் பித்தளைக் குடத்தோடு வரிசையில் நிற்பேன். அம்மா உள்ளே அடுப்படியில் வாசலுக்கு முதுகைக் காட்டி உட்கார்ந்திருப்பாள். தண்ணீர் விழத் தொடங்கும்போது சத்தம் கனமாக, அடியிலிருந்து வரும். நீர் ஏற ஏற மேலே இருக்கும் காற்று குறுகும், சுருதி ஏறும். வயிறு தாண்டும்போது சட்டென்று மெலியும். “ஏல, கழுத்துக்கு வந்துட்டு, தூக்குல!” என்று உள்ளிருந்து குரல் வரும். ஒரு சொட்டு வழியாது.

இதை அம்மாவின் சாமர்த்தியம் என்று மட்டும் படித்துவிடாதீர்கள். சாலே அந்தக் காதை நடுவராக வைத்திருந்தது. பக்கத்து வீட்டு அக்கா ஒருநாள் எங்கிருந்தோ பெரிய குடம் ஒன்றைக் கொண்டுவந்து குழாயில் வைத்தாள். யாரும் கவனிக்கவில்லை. அம்மா திரும்பிக்கூடப் பார்க்காமல், “இது ஒங்குடம் இல்லியே, யாரு வீட்டுது?” என்றாள். குழாயடியே சிரித்தது. மறுநாள் அக்கா பழைய குடத்தோடு வந்தாள், ஒரு வாரம் எங்களோடு பேசவில்லை. பிறகு பிளாஸ்டிக் குடங்கள் வந்தன. சுருதி அதிலும் ஏறத்தான் செய்யும், ஆனால் பித்தளையின் கணீர் இல்லை, அடுப்படிவரை எட்டாது. அம்மா எழுந்து வந்து வரிசையில் நிற்கவேண்டியதாயிற்று. சண்டையும் கூடிற்று.

இன்று சத்தத்தை அளக்கும் டெசிபெல் என்ற அலகும் அரசர் மணி அடித்து வந்ததல்ல. கம்பி வழியே போகும் குரல் தூரம் போகப்போகத் தேய்கிறது, எவ்வளவு என்று சொல்ல வழியில்லை என்பது அமெரிக்கத் தொலைபேசிப் பொறியாளர்களின் தலைவலி. முதலில் அவர்கள் வைத்திருந்த அலகே ‘ஒரு மைல் கேபிள்’தான். ஒரு மைல் கேபிளில் குரல் எவ்வளவு தேயுமோ அவ்வளவு. 1924இல் அதை மாற்றிப் புது அலகு கொண்டுவந்தார்கள். 1928இல் அதற்கு டெசிபெல் என்று பெயரிட்டார்கள். தேய்மானத்தைச் சொல்ல வந்த அலகால் இன்று ஹாரனை அளக்கிறோம். மும்பை போலீஸ் ஒருமுறை சில சிக்னல்களில் மீட்டர் பொருத்தி, ஹாரன் சத்தம் 85 டெசிபெலைத் தாண்டினால் சிவப்பு விளக்கின் நேரம் மறுபடி முதலிலிருந்து ஓடும்படி வைத்தது. மிகுபுனைவு என்றால் அது! உங்கள் கிணியை மீறியவனுக்கு ஒலிநாட்டில் என்ன நடக்கும்? அட்டவணையில் அதற்குக் கட்டமே இல்லை.

போகிற போக்கில் ஒன்று. 20 கிணி 10 கிணியைவிட இரு மடங்கு, ‘டெசிபெல் மாதிரி’ என்று அடிக்குறிப்பு போட்டிருக்கிறீர்கள். டெசிபெல் அப்படி இல்லை. 10 கூடினால் ஒலியின் ஆற்றல் 10 மடங்காகும். மென்பொருள்காரர் இதில் சறுக்கலாமா?

நன்னூலையாவது புரட்டியிருக்கலாம். கண்ணிமைக்கும் நேரம், கைநொடிக்கும் நேரம் ஒரு மாத்திரை. குறிலுக்கு 1, நெடிலுக்கு 2, மெய்க்கு அரை. இவ்வளவு கறாராகச் சொன்ன பவணந்தி அடுத்த சூத்திரத்திலேயே பாட்டிலும், கூப்பிடும்போதும், பண்டம் விற்கும்போதும் எழுத்துகள் இந்த அளவைத் தாண்டும் என்கிறார். தெருவில் கூவி விற்றவனைக் காதால் கேட்டுவிட்டு எழுதிய சூத்திரம் அது. பழைய இரும்பு எடுக்க வரும் பங்கார்வாலா எங்கள் தெருமுனையில் இழுக்கும் ஆகாரம் இரண்டு மாத்திரையில் அடங்குமா? உங்கள் சந்தையில் ஓசையையே விற்கிறார்கள், ஆனால் ஒருவரும் கூவவில்லை. எனக்குக் கோபமே வந்துவிட்டது.

மூன்றாம் அத்தியாயத்தில் தாலாட்டு விற்கும் கிழவி ஒருத்தி வருகிறாள். இரண்டே வரி. நாவல் அங்கேதான் இருக்கிறது, நீங்கள் அவளைத் தாண்டி அரண்மனைக்கு ஓடிவிட்டீர்கள். வாங்கினவன் வீட்டில் அளந்து பார்த்து, அரைத் துளி குறைகிறது என்று திரும்பி வந்தால் அவள் என்ன சொல்வாள்? மணியில் விரிசல் என்பாளா? உன் பிள்ளை பாதியிலேயே தூங்கிவிட்டால் மிச்சத்துக்கு நான் பொறுப்பா என்பாளா? அதை எழுதி அனுப்புங்கள். அட்டவணை இனி வேண்டாம்.