அந்த ஒற்றை வரிக்குள் இருந்தவர்கள்

வணக்கம் சார்,

என் மகன் கல்லூரி மூன்றாம் ஆண்டு படிக்கிறான். ஸ்டார் வார்ஸ் பைத்தியம். அதிலும் ‘ரோக் ஒன்’ படத்தை வருஷத்துக்கு இரண்டு தடவையாவது பார்த்துவிடுவான். போன வாரம் என்னையும் பிடித்து உட்கார வைத்தான். பாதிப் படம் வரைக்கும் யார் எந்தக் கிரகத்தில் இருக்கிறார்கள் என்றே பிடிபடவில்லை. கடைசியில் ஒருவர் விடாமல் எல்லோரும் செத்துப் போகிறார்கள். அவர்கள் திருடப் போகிற வரைபடம் கிடைத்துவிடும் என்பது 1977இல் வந்த படத்திலேயே தெரிந்த விஷயமாம். முடிவு தெரிந்த கதை, அதுவும் இப்படி ஒரு முடிவு. திரும்பத் திரும்பப் பார்க்க இதில் என்ன இருக்கிறது? அவனைக் கேட்டால் “உனக்குப் புரியாதுப்பா” என்கிறான். நீங்களாவது சொல்லுங்கள்.

ச., கும்பகோணம்

அன்புள்ள ச.,

உங்கள் புகாரில் பாதி நியாயம்தான். முதல் பாதி ஊர் ஊராகத் தாவுகிறது. பல கிரகங்களுக்குத் திரையில் பெயர் போட்டும் குழப்பம் தீரவில்லை. 1977 படத்தில் நடித்து, 1994இல் இறந்துபோன பீட்டர் குஷிங்கின் முகத்தைக் கணினியில் செய்து இன்னொரு நடிகர் மேல் ஒட்டியிருந்தார்கள். எனக்கு இன்றைக்கும் அது மெழுகுப் பொம்மை பேசுகிற மாதிரிதான் தெரிகிறது.

ஆனால் 2016 டிசம்பரில் தியேட்டரிலிருந்து வீட்டுக்கு வந்ததும் நான் செய்த முதல் காரியம், பழைய படத்தை எடுத்துப் போட்டதுதான். 1977 படம் மேலே நகர்கிற எழுத்துகளோடு தொடங்கும். பேரரசை எதிர்க்கும் கலகக்காரர்களின் ஒற்றர்கள், கிரகத்தையே அழிக்கிற டெத் ஸ்டார் என்ற ஆயுதத்தின் ரகசிய வரைபடத்தைத் திருடிவிட்டார்கள் என்று அதில் ஒரு வரி வரும், போகும். யார் அந்த ஒற்றர்கள், அவர்கள் என்ன ஆனார்கள் என்பதைப் படமாக எடுக்கலாமே என்று சொன்னவர் ஜான் நோல். விஷுவல் எஃபெக்ட்ஸ்காரர், தன் அண்ணனோடு சேர்ந்து போட்டோஷாப்பை உருவாக்கியவரும் இவரே. காரெத் எட்வர்ட்ஸ் இயக்கினார். ஆரம்ப வரைவில், வரைபடத்தைத் திருடப் போகும் ஜின்னும் காசியனும் பிழைத்துக்கொள்வதாக இருந்ததாம். எல்லோரையும் சாகடிக்க ஸ்டூடியோ விடாது என்று எழுதியவர்களே பயந்திருக்கிறார்கள். விட்டார்கள். நல்ல வேளை.

அன்றிரவு பழைய படத்தின் கடைசிக் காட்சி வந்தது. பெரிய மண்டபம், வரிசையாக வீரர்கள். டெத் ஸ்டாரை அழித்ததற்காக லூக்குக்கும் ஹான் சோலோவுக்கும் இளவரசி லேயா பதக்கம் போடுகிறாள். சின்ன வயதில் கைதட்டிய காட்சி. இந்த முறை, ஜின் எர்சோ என்ற பெயரை யாராவது சொல்வார்களா என்று காத்திருந்தேன். ஒருவரும் சொல்லவில்லை. எப்படிச் சொல்வார்கள்? 1977இல் அவளை யாரும் கற்பனைகூடச் செய்திருக்கவில்லை. தெரிந்தும் எனக்குக் கோபம் வந்தது. ஆநிரை மீட்கப் போய்ச் செத்தவனுக்கே நம் ஆட்கள் நடுகல் நட்டு, பெயர் எழுதி, மயிற்பீலி சூட்டியிருக்கிறார்கள். இவர்களுக்கு அதுகூட இல்லை.

முன்கதைப் படங்களில் பெரும்பாலானவை, பிறகு வரப்போகிறவர்களின் சின்ன வயதைக் காட்டிக் காசு பார்ப்பவை. ரோக் ஒன் நாற்பது வருஷப் பழைய கொண்டாட்டத்தையே எனக்குத் துக்கமாக்கிவிட்டது.

இன்னொன்றும் செய்தது. ஒரு நிலவு அளவுக்கு இருக்கிற டெத் ஸ்டாரை, இரண்டு மீட்டர் அகலத் துவாரத்தில் குண்டு போட்டுத் தகர்த்துவிடலாம் என்பது பல வருஷமாகக் கிண்டலுக்கு ஆளான விஷயம். எந்த மடையன் இதைக் கட்டினான் என்பார்கள். கட்டியவன் மடையன் இல்லை. பேரரசு அவன் மனைவியைக் கொன்று அவனை இழுத்துக்கொண்டு போய் வேலை வாங்கியது. ஜின்னின் அப்பா கேலன் வருஷக்கணக்காகப் பணிந்தவன்போல் நடித்து, டெத் ஸ்டாரின் உலைக்குள் ஒரு பலவீனத்தைப் புதைத்து வைக்கிறார். அந்தக் கோப்புக்கு அவர் வைத்த பெயர், மகளைக் கொஞ்சிக் கூப்பிட்ட பெயர்: நட்சத்திரத் தூசி. ஆயிரம் கோப்புகளுக்கு நடுவே ஜின் அந்தப் பெயரைக் கண்டுகொள்கிற கணத்துக்காகவே உங்கள் மகன் மறுபடி பார்க்கிறானோ என்னவோ.

இப்போது, முடிவு தெரிந்த கதை என்றீர்களே, அதற்கு வருகிறேன். முடிவு நமக்குத்தானே தெரியும்? சரக்குக் கப்பல் ஓட்டிக்கொண்டிருந்த போதி ரூக், கேலனின் செய்தியைச் சுமந்துகொண்டு பேரரசிலிருந்து ஓடிவந்தவன். கடைசியில் கலகக்காரர்களின் விண்கலப் படைக்கு இணைப்பு கொடுத்துவிட்டு மூச்சு விடுவதற்குள் கையெறி குண்டு வந்து விழுகிறது. வரைபடம் போய்ச் சேர்ந்ததா, அவனுக்குத் தெரியாது. கண் தெரியாத சிர்ரட் மந்திரம் சொல்லிக்கொண்டே குண்டு மழைக்குள் நடந்துபோய் விசையை இழுத்துவிட்டுச் சாகிறார். அவருக்கும் தெரியாது. இதெல்லாம் நடக்கிற ஸ்காரிஃப் என்ற கிரகத்தை மாலத்தீவின் லாமுப் பவளத்தீவில் படமெடுத்தார்கள். தேனிலவு விளம்பரங்களில் வருகிற பச்சைத் தண்ணீர், வெள்ளை மணல், தென்னை மரங்கள். அதற்கு நடுவே இத்தனை சாவு. வரைபடத்தை அனுப்பி முடித்தபிறகு, அந்தப் பக்கம் யாராவது கேட்டுக்கொண்டிருப்பார்களா என்கிறாள் ஜின். யாரோ இருக்கிறார்கள் என்கிறான் காசியன், அவ்வளவுதான் அவனால் சொல்ல முடிகிறது. சரியான விடை 1977இலிருந்தே நம் கையில் இருக்கிறது. அவளிடம் போய்ச் சொல்லத்தான் வழியில்லை. முடிவு தெரியாமல் பார்க்கிறவனுக்கு இந்த வலி கிடைக்காது.

காசியனின் முன்கதையை ‘ஆண்டோர்’ என்று இரண்டு பருவத் தொடராக எடுத்து 2025இல் முடித்தார்கள். ரோக் ஒன்னில் அறிமுகமானதுமே, தகவல் கொடுத்தவனைச் சுட்டுக் கொல்கிறான் காசியன். கை அடிபட்ட அந்த ஆளால் சுவரேறித் தப்ப முடியாது, பிடிபட்டால் எல்லாவற்றையும் சொல்லிவிடுவான். தொடரைப் பார்த்துவிட்டு வந்தால் அந்த ஒரு நிமிடம் வேறு மாதிரி கனக்கிறது. நேரமிருந்தால் பாருங்கள், இல்லாவிட்டாலும் குறையில்லை.

கடைசியில் பேரரசின் வில்லன் டார்த் வேடர் இருட்டு நடைபாதையில் சிவப்பு வாளோடு வருகிற காட்சிக்குத்தான் எல்லோரும் விசில் அடிக்கிறார்கள். மகனோடு மறுபடி பார்க்க நேர்ந்தால் வேடரை விட்டுவிட்டுக் கதவைப் பாருங்கள். அது பாதியில் சிக்கிக்கொண்டிருக்கும். உள்ளே மாட்டிக்கொண்ட ஒரு சிப்பாய், தன்னைக் காப்பாற்றச் சொல்லிக் கத்திக்கொண்டிருந்தவன், இனி நடக்காது என்று தெரிந்ததும் வரைபடத் தகட்டை அந்த இடுக்கு வழியாக நீட்டி, எடுத்துக்கொண்டு போ என்கிறான். அந்தப் பக்கத்துக் கை வாங்கிக்கொள்கிறது. தகடு லேயாவிடம் போய்விடும், பழைய படம் தொடங்கிவிடும். அந்தச் சிப்பாயின் பெயர் என்ன என்று மகனைக் கேளுங்கள். பைத்தியம் என்கிறீர்கள், எங்கேயாவது தேடிப்பிடித்து ஒரு பெயர் சொன்னாலும் சொல்வான். படத்தில் யாரும் அவனைப் பெயர் சொல்லிக் கூப்பிடுவதில்லை.

அன்புடன்