ஸ்காட்லாந்தில் காதில் விழும் சொற்கள்: கேள்வி பதில்

கேள்வி: கிளாஸ்கோவில் முதுகலை படிக்க வந்திருக்கிறேன். வீட்டு உரிமையாளரான அம்மையார் ‘மெசேஜஸ்’ வாங்கப் போவதாகச் சொல்லிவிட்டுப் பையை எடுத்துக்கொண்டு கிளம்புகிறார். அவர் எதைச் சொல்கிறார்?

பதில்: மளிகைச் சாமான்களைத்தான் சொல்கிறார். ஒருவரைச் சிறு வேலையாக வெளியே அனுப்புவதைக் குறித்த அந்தச் சொல், அவர் கடையிலிருந்து வாங்கி வரும் பொருள்களுக்கே பெயராகிவிட்டது. அதேபோல, ‘எங்கே ஸ்டே பண்ணுகிறீர்கள்’ என்று ஸ்காட்லாந்தில் ஒருவர் கேட்டால், சில நாள் தங்கும் விடுதியை அன்று, நிரந்தரமாகக் குடியிருக்கும் இடத்தையே கேட்கிறார். நம்மவர் பேசும் ஆங்கிலத்திலும் அப்படியே வழங்குவதால் இதில் நமக்குத் தடுமாற்றம் இராது.

கேள்வி: அபர்தீனில் செவிலியராகச் சேர்ந்திருக்கிறேன். முதிய நோயாளிகளின் பேச்சில் பாதி புரிவதில்லை.

பதில்: அந்த வடகிழக்குப் பகுதியின் பேச்சுக்கு டோரிக் என்று பெயர். ஆங்கில வினாச்சொற்களின் முதல் ஒலி அதில் ‘ஃப’ ஆகிவிடும் என்பதை மனத்தில் வைத்துக்கொண்டால் பாதிச் சிக்கல் தீரும்: ‘வாட்’ என்பது ‘ஃபிட்’, ‘வேர்’ என்பது ‘ஃபார்’, ‘ஹூ’ என்பது ‘ஃபா’. ‘ஃபிட் லைக்’ என்று கேட்டால் நலம் விசாரிக்கிறார்கள். ‘நே பேட்’, அதாவது ‘மோசமில்லை’ என்று சொன்னால் போதும்.

உங்கள் பணிக்கு இன்னும் சில சொற்கள் அவசியம். ‘ஆக்ஸ்டர்’ என்பது அக்குள். ‘பீலி வாலி’ என்றால் முகம் வெளிறியிருக்கிறது. ‘வாபிட்’ என்றால் உடல் ஓய்ந்து துவண்டிருக்கிறது. ‘போக்’ என்றால் குமட்டல். எல்லாவற்றிலும் முக்கியமாக, குழந்தை ‘க்ரீட்டிங்’ என்று தாய் சொன்னால் அது வணக்கம் சொல்வதன்று, அழுவது. பண்டைய ஸ்காண்டிநேவியர் பேசிய பழைய நார்ஸ் மொழியில் அழுவதைக் குறித்த ‘க்ராத்தா’ என்ற வினைக்கு இது உறவுச் சொல்.

கேள்வி: ‘ஹாஃப் செவன்’ என்றால் ஆறரையா, ஏழரையா?

பதில்: ஏழரை. ஜெர்மனியில் இதே அமைப்பு ஆறரையைக் குறிக்கும் என்பதால் அங்கிருந்து வருபவர்கள்தாம் குழம்புவார்கள்.

கேள்வி: இவற்றையெல்லாம் கொச்சை என்று சொல்லலாமா?

பதில்: கூடாது என்பதே என் உறுதியான கருத்து. கொச்சை வழக்குக்கு எடுத்துக்காட்டு வேண்டுமானால் லண்டனின் கிழக்குப் பகுதியில் தோன்றிய எதுகைப் பேச்சைச் சொல்லலாம். தலையைக் குறிக்கும் ‘ஹெட்’ என்பதற்கு எதுகையாக ‘லோஃப் ஆஃப் பிரெட்’ என்று வைத்து, பின்பு எதுகைச் சொல்லையே விட்டுவிட்டு, ‘உன் லோஃபைப் பயன்படுத்து’ என்பார்கள். மேலே பார்த்த சொற்களில் பலவும் சேர்ந்த ஸ்காட்ஸ் என்ற மொழி அப்படியன்று. பழைய ஆங்கிலத்தின் வடக்குக் கிளையிலிருந்து தனியே வளர்ந்த அம்மொழியில்தான் 15, 16ஆம் நூற்றாண்டுகளில் ஸ்காட்லாந்து நாடாளுமன்றத்தின் சட்டங்கள் எழுதப்பட்டன. 1603இல் ஸ்காட்லாந்தின் அரசவை லண்டனுக்குப் போனதும் 1707இல் ஸ்காட்லாந்து, இங்கிலாந்து நாடாளுமன்றங்கள் ஒன்றானதும் அதன் மதிப்பைக் குறைத்தனவே தவிர, மக்கள் அதைக் கைவிடவில்லை. 2011ஆம் ஆண்டு மக்கள்தொகைக் கணக்கெடுப்பில் 15 இலட்சத்துக்கும் மேற்பட்டோர் ஸ்காட்ஸ் பேசத் தெரியும் என்று பதிவுசெய்தார்கள். ‘அப்பாற்பட்டு’ என்ற பொருளில் வரும் ‘அவுட்வித்’ என்ற சொல்லை இன்றும் அங்குள்ள அலுவலகக் கடிதங்களில் காணலாம்.

கேள்வி: ‘ட்ரீஹ்’ என்ற சொல்லை எப்படி உச்சரிப்பது?

பதில்: நாள் முழுவதும் தூறலும் மூட்டமுமாகச் சூரியனே தெரியாமல் மனத்தைச் சோர்வடையச் செய்யும் வானிலையைக் குறிக்கும் இச்சொல்லின் கடைசி ஒலி, ஆங்கிலேயர் பலருக்கு வராது, ‘க்’ என்று முடித்துவிடுவார்கள். ‘அஃது’ என்பதில் தொண்டையை உரசி வரும் ஆய்தத்தை நினைத்துக்கொண்டு சொன்னால் நமக்கு எளிதாக வந்துவிடும்.

கேள்வி: நானும் இவ்வாறு பேசலாமா?

பதில்: ஆம் என்பதற்கு ‘ஐ’, சிறிய என்பதற்கு ‘வீ’ ஆகியவை சில மாதங்களில் தாமாகவே நாவில் ஏறிவிடும், யாரும் தவறாக எடுத்துக்கொள்ள மாட்டார்கள். நன்றிக்குச் சொல்லும் ‘சியர்ஸ்’ பிரிட்டன் முழுவதும் செல்லும். ஆனால் கிளாஸ்கோவில் பெண்களை அன்போடு விளிக்கும் ‘ஹென்’ என்ற சொல்லை மட்டும், உங்களை யாராவது அப்படி அழைத்தால் மகிழ்ச்சியோடு ஏற்றுக்கொள்ளுங்கள்; புதிதாக வந்தவர் அதை எடுத்துப் பேச வேண்டாம்.